நண்பகல் நேரத்து மயக்கம்: பார்த்தவர்கள் திரும்பத் திரும்பக் கேட்ட கேள்விகள்

எங்கள் திரைப்பட வட்டத்தில் இந்தப் படத்தை நான்கு முறை போட்டுவிட்டோம். ஒவ்வொரு முறையும் விளக்கு எரிந்ததும் ஒரு நிமிடம் யாரும் வாய் திறப்பதில்லை. பேச ஆரம்பித்தால் பிறகு நிறுத்துவதில்லை. கேட்பவர்கள் வேறு வேறு ஆட்கள், கேள்விகள் மட்டும் அநேகமாக அதே கேள்விகள். அவற்றைக் கேட்டவர்களின் வாய்ச்சொல்லிலேயே எழுதி, எனக்குத் தெரிந்த பதிலை ஒவ்வொன்றின் கீழும் வைத்திருக்கிறேன். படத்தின் முடிவு உட்பட எல்லாம் இங்கே வரும். இன்னும் பார்க்காதவர்கள் பார்த்துவிட்டு வந்து படித்தால் நல்லது.

இது மலையாளப் படமா, தமிழ்ப் படமா? யார் எடுத்தது?

எடுத்தவர்கள் மலையாளிகள், கதை நடப்பது தமிழ்நாட்டில், பேசப்படுவது இரண்டு மொழியும். இயக்கம் லிஜோ ஜோஸ் பெல்லிசேரி, திரைக்கதை எழுத்தாளர் எஸ். ஹரீஷ், ஒளிப்பதிவு தேனி ஈஸ்வர். மம்மூட்டி நடித்ததோடு தன் சொந்த நிறுவனத்தின் வழியாகத் தயாரிக்கவும் செய்தார். 2022 டிசம்பரில் திருவனந்தபுரம் சர்வதேசத் திரைப்பட விழாவில் முதலில் திரையிடப்பட்டு, பார்வையாளர் வாக்கெடுப்பில் பரிசு பெற்றது. 2023 ஜனவரி 19 அன்று திரையரங்குக்கு வந்தது. 2022ஆம் ஆண்டுக்கான கேரள அரசு விருதுகளில் சிறந்த படம், சிறந்த நடிகர் இரண்டும் இதற்குத்தான்.

பழனிக்குப் பக்கத்தில் மஞ்சநாயக்கன்பட்டி என்ற கிராமத்தில் படமெடுத்தார்கள். அந்தத் தெருக்களும் சோளக்காடும் படத்தில் ஒரு பாத்திரம் மாதிரியே இருக்கின்றன.

கதையை ஒரு தடவை சுருக்கமாச் சொல்லிடுங்களேன். பாதியில குழம்பிட்டேன்.

கேரளத்திலிருந்து ஒரு நாடகக் குழு, குடும்பத்தோடு வேளாங்கண்ணிக்கு வந்துவிட்டு ஒரு வண்டியில் ஊர் திரும்புகிறது. குழுவின் தலைவர் ஜேம்ஸ் (மம்மூட்டி). எதிலும் கறார், எதற்கும் முணுமுணுப்பு, தமிழ்நாட்டுச் சாப்பாடும் பாட்டும் அவருக்குப் பிடிப்பதில்லை. மதியச் சாப்பாட்டுக்குப் பிறகு வண்டியில் எல்லோரும் தூங்கிப்போகிறார்கள். ஜேம்ஸ் திடீரென்று விழித்து வண்டியை நிறுத்தச் சொல்கிறார். இறங்கிக் காட்டுக்குள் நடந்து, முன்பின் பார்த்திராத ஒரு கிராமத்துக்குள் நுழைந்து, ஒரு வீட்டுக்குள் தன் வீடு போலப் போகிறார். அந்த நேரத்திலிருந்து அவர் சுந்தரம். இரண்டு வருடத்துக்கு முன் காணாமல் போன, அந்த வீட்டு மனிதர்.

மனைவி பூங்குழலி, பிள்ளை, பெற்றோர், ஊர்க்காரர்கள் ஒரு பக்கம் திகைத்து நிற்கிறார்கள். ஜேம்ஸின் மனைவி சாலி, மகன், வண்டியில் வந்த கூட்டம் இன்னொரு பக்கம். ஓர் இரவு கழிகிறது. அடுத்த நாள் மதியம் அவர் மறுபடி உறங்கி எழும்போது ஜேம்ஸாக எழுகிறார், ஒன்றும் நடக்காதது போல வண்டியைப் பார்த்து நடக்கிறார். நடந்தது இவ்வளவுதான்.

பேய்ப் படமா? பசங்களோட பார்க்கலாமா?

பார்க்கலாம். பயமுறுத்தும் காட்சி ஒன்றுகூட இல்லை. பெரும்பாலும் பட்டப்பகல் வெளிச்சத்தில்தான் நடக்கிறது. இரண்டு மணி நேரத்துக்கும் குறைவான படம். ஆனால் சின்னப் பிள்ளைகள் நெளிவார்கள். படம் அவசரப்படாது.

எனக்குத் தூக்கம் வந்துடுச்சு. அது என் தப்பா, படத்தோட தப்பா?

தப்பே இல்லை. மதியத் தூக்கத்தைப் பற்றிய படம் அது, வேகமும் அந்த வேகம்தான். ஊரே உண்டு களைத்து, திண்ணையிலும் கட்டிலிலும் சாய்ந்து கிடக்கும் நேரத்தை அப்படியே எடுத்து வைத்திருக்கிறார்கள். எங்கள் திரையிடலில் ஒரு பெரியவர் பாதியில் கண்ணயர்ந்துவிட்டு எழுந்து, “இது யாரு, முன்னாடி இருந்தவரா?” என்று பக்கத்தில் இருந்தவரைக் கேட்டார். படத்துக்குள் எல்லோரும் கேட்டுக்கொண்டிருந்த கேள்வியும் அதுதான்.

தலைப்புக்கு என்ன அர்த்தம்? மத்தியான மயக்கம்னா வெயில்ல வர்ற மயக்கமா?

அதுவும் உண்டு. இந்தத் தலைப்பில் இன்னும் நிறைய இருக்கிறது, அதைச் சொல்லத் தமிழ் தெரிந்தவர்களுக்குத்தான் வசதி. மயக்கம் என்றால் இன்று நமக்குத் தலைசுற்றல், கிறக்கம், மோகம், குழப்பம். பழைய தமிழில் அதற்குக் ‘கலத்தல்’ என்ற பொருளும் உண்டு. மெய்யெழுத்துகள் ஒன்றோடொன்று சேர்ந்து வருவதை இலக்கணத்தில் மெய்ம்மயக்கம் என்கிறோம். ஒரு நிலத்துக்குரியது இன்னொரு நிலத்தில் வந்து கலந்தால் திணை மயக்கம். பகலும் இரவும் கலக்கும் அந்திப்பொழுதை ‘மாலை மயங்கும் நேரம்’ என்று இன்றும் சொல்கிறோம். ஆகவே இரண்டு ஆட்கள் ஓர் உடம்பில் கலந்தாலும் மயக்கம்தான்.

நண்பகல் என்ற சொல்லையும் விட்டுவிடாதீர்கள். தொல்காப்பியம் பாலைத் திணைக்கு வகுத்த பொழுது நண்பகல், பருவம் வேனில். பாலையின் உரிப்பொருள் பிரிவு. போனவன் திரும்பாமல், வழியைப் பார்த்துக்கொண்டு ஒரு பெண் வீட்டில் இருப்பது. பூங்குழலியின் இரண்டு வருடம் முழுக்கப் பாலைதான். படம் எடுத்தவர்கள் இதை நினைத்துத்தான் தலைப்பு வைத்தார்கள் என்று நான் சொல்ல வரவில்லை. ஆனால் சொல்லுக்குள் அது இருக்கிறது, பார்க்கும் நமக்கு அது கேட்கிறது. ‘உச்சி வேளையில வெளிய சுத்தாதே, ஏதாவது அண்டிடும்’ என்று பாட்டிகள் சொல்வதையும் இதோடு சேர்த்துக்கொள்ளுங்கள். நம் ஊரில் பேய்க்கு நடுச்சாமம் மட்டும் நேரமில்லை, நடுப்பகலும் நேரம்தான்.

ஆரம்பத்துல லாட்ஜ்ல ஒரு திருக்குறள் வருதே, அது எதுக்கு?

அது 339ஆம் குறள், நிலையாமை அதிகாரம்: ‘உறங்கு வதுபோலும் சாக்காடு உறங்கி விழிப்பது போலும் பிறப்பு.’ சாவு தூங்குவது மாதிரி, பிறப்பு தூங்கி எழுவது மாதிரி. படத்தின் மொத்த அமைப்பும் இந்த ஒன்றே முக்கால் அடிக்குள் அடங்கிவிடுகிறது. ஒருவர் தூங்குகிறார், இன்னொருவராக விழிக்கிறார், மறுபடி தூங்குகிறார், பழைய ஆளாக விழிக்கிறார்.

எனக்குப் பிடித்தது, இந்தக் குறளைச் சொல்லக் கிடைத்த இடம். சாமியாரோ பண்டிதரோ சொல்லவில்லை, அறையைக் காலி செய்யும் நேரத்தில் விடுதிக்காரர் சொல்கிறார். தங்கிவிட்டுக் கிளம்பும் இடம் விடுதி. உயிருக்கு உடம்பும் அப்படித்தான் என்பதை அடுத்த குறளே பேசுகிறது: ‘புக்கில் அமைந்தின்று கொல்லோ உடம்பினுள் துச்சில் இருந்த உயிர்க்கு.’ உடம்புக்குள் ஒதுக்குக்குடி இருந்த உயிருக்கு நிலையான வீடு இன்னும் வாய்க்கவில்லையோ என்று கேட்கிறார் வள்ளுவர். படத்தில் அந்த இரண்டாவது குறளை யாரும் வாய்விட்டுச் சொல்லத் தேவையே இல்லை. ஜேம்ஸ் வீடு தேடி நடப்பதே அந்தக் குறள்தான்.

கேமரா ஏன் ஆடாம அசையாம நிக்குது?

பெரும்பாலான காட்சிகளில் கேமராவை ஓரிடத்தில் நிறுத்திவிட்டார்கள். வாசல், சுவர், சந்து, ஜன்னல் என்று ஏதாவது ஒரு சட்டம் கண்ணில் படும். ஆட்கள் அதற்குள் வருகிறார்கள், பேசுகிறார்கள், வெளியேறுகிறார்கள். மேடையில் ஆள் நுழைவதும் போவதும் மாதிரி. இவர்கள் நாடகக்காரர்கள் என்பதை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள், முடிவைப் பற்றிய கேள்வியில் இதற்குத் திரும்பி வருவேன்.

இன்னொரு காரணமும் எனக்குத் தோன்றுகிறது. பேயோ ஆவியோ பிடித்துக்கொண்ட ஆளைக் காட்ட வழக்கமாகக் கேமராதான் முதலில் ஆடும். சாய்கோணம், வேகமான வெட்டு, முகத்துக்கு மிக அருகில் ஒரு பார்வை. இங்கே கேமரா அசையாமல் நின்று, ‘நடந்ததை நீயே பார்த்துக்கொள்’ என்று விட்டுவிடுகிறது. ஆள் மாறியதைச் சொல்ல ஒரு வித்தையும் இல்லை. நடை மாறியதை நாமே கவனித்துக் கண்டுபிடிக்க வேண்டியிருக்கிறது.

பழைய பாட்டும் வசனமும் ஓயாமக் கேட்குதே, டிவி ஆஃப் பண்ணவே மாட்டாங்களா?

மாட்டார்கள். படத்துக்கென்று தனியாகப் பின்னணி இசை போட்டு நம்மை அழவைக்கவில்லை. தொலைக்காட்சியிலிருந்தும் வானொலியிலிருந்தும் வரும் பழைய தமிழ்ப் பாட்டும் பட வசனமும்தான் இசை. ஒலி வடிவமைப்பு ரங்கநாத் ரவி. ஒரு வீட்டில் ஆரம்பித்த பாட்டு அடுத்த வீட்டுச் சந்தில் மங்கலாகக் கேட்கும், பாட்டில் வரும் ஒரு வரி அங்கே நிற்கும் ஆளின் நிலைமையைச் சொல்லிவிட்டுப் போகும்.

பிடித்துக்கொள்ளுதல் என்று எதையாவது சொல்ல வேண்டுமானால் முதலில் இதைத்தான் சொல்வேன். அந்த ஊரில் எல்லோர் வாயிலும் யாரோ எழுதிய, யாரோ பாடிய வார்த்தை குடியிருக்கிறது. சுந்தரமாகிவிட்ட ஜேம்ஸ் குடித்துவிட்டு ஒரு பழைய படத்து வசனத்தை ஆளுக்கொரு குரலாகப் பேசிக்காட்டும் இடத்தைப் பாருங்கள். ஜேம்ஸின் உடம்பில் சுந்தரம், சுந்தரத்தின் வாயில் ஒரு நடிகர், அந்த நடிகரின் வாயில் இரண்டு பாத்திரங்கள். அந்த வேளையில் அங்கே பேசுவது யார்? இந்த அடுக்கை ஒரே காட்சியில், ஒரு தந்திரமும் இல்லாமல் நடித்துக் காட்டியதற்காகவே மம்மூட்டியைக் கையெடுத்துக் கும்பிடலாம்.

சுந்தரம் செத்துட்டாரா, உயிரோட இருக்காரா?

படம் சொல்லவில்லை. காணாமல் போனார், அவ்வளவுதான். செத்தார் என்று சொல்லியிருந்தால் இது ஆவிக்கதை ஆகியிருக்கும். உயிரோடு இருக்கிறார் என்றால் ஆள்மாறாட்டக் கதை. காணாமல் போனவரின் வீட்டில் சடங்கும் செய்ய முடியாது, சோறு ஆக்கும்போது அவருக்கென்று ஒரு பிடி அரிசி போடாமல் இருக்கவும் முடியாது. இடம் காலியாகவே கிடக்கும். இந்தக் காலி இடத்தைப் பிடித்துக்கொண்டால் படத்தின் பாதி விளங்கிவிடும் என்பது என் எண்ணம்.

சரி, நேராச் சொல்லுங்க. பேய் பிடிச்சுதா, மனநோயா, மறுஜென்மமா, கனவா?

அதிகம் பேர் கேட்டது இதுதான். ஒவ்வொன்றையும் படத்தோடு உரசிப் பார்த்துவிடுவோம். மறுஜென்மம் பொருந்தாது. சுந்தரம் காணாமல் போய் இரண்டே வருடம், ஜேம்ஸோ அதற்குப் பல பத்தாண்டு முன்பே பிறந்த நடுவயதுக்காரர். மனநோய் என்பவர்களுக்கு ஒரு தகவல்: உலக சுகாதார நிறுவனத்தின் நோய் வகைப்பாடு, 2022இல் நடைமுறைக்கு வந்த ஐசிடி-11, இன்னொரு சக்தி தன்னை ஆட்கொண்டுவிட்டதாக உணரும் மயக்க நிலையைத் தனியாகக் குறிப்பிடுகிறது. சமூகமோ சமயமோ ஏற்றுக்கொண்ட வழக்கமாக இருந்தால் அதைக் கோளாறு என்று கணக்கில் எடுப்பதில்லை. ஆனால் எந்த மருத்துவ விளக்கமும் ஓரிடத்தில் நின்றுவிடும். சுந்தரத்தைப் பார்த்தேயிராத ஜேம்ஸுக்கு அவர் வீட்டு வழியும் ஊர்க்காரர் பெயர்களும் எப்படித் தெரிந்தன? மனம் எவ்வளவு பிளவுபட்டாலும் இல்லாத ஞாபகத்தை எங்கிருந்து எடுக்கும்?

பேய் என்றால், நம் ஊர்ப் பேய்க்கு ஒரு நடைமுறை உண்டு. கோடாங்கி உடுக்கையை அடித்து, “யாரு நீ? எந்த ஊரு? எதுக்கு இந்த உடம்புல வந்து உக்காந்திருக்கே?” என்று கேட்பார். வந்தது பெயர் சொல்லும், ஆசையைச் சொல்லும். கோழி கேட்கும், புடவை கேட்கும், நியாயம் கேட்கும். அங்கே பேயோட்டுவதே பெயரைக் கண்டுபிடிக்கும் வேலைதான். சுந்தரம் வந்து எதையும் கேட்கவில்லை. மாட்டைக் கவனிக்கிறார், வண்டியை எடுத்துக்கொண்டு வழக்கமான வேலைக்குக் கிளம்புகிறார். ஆசையைத் தீர்த்துக்கொள்ள வந்த ஆவியாகத் தெரியவில்லை, விட்டுப்போன ஒரு நாளைத் தொடர வந்த மனிதராகத் தெரிகிறது. எனக்கு மிகவும் நெருக்கமான இடம் அது.

கனவு என்பதற்கு ஆதாரம் தலைப்பிலும் குறளிலும் இருக்கிறது. ஆனால் யார் கண்ட கனவு? ஜேம்ஸ் கண்ட கனவா, பூங்குழலி கண்டதா, தூங்கிக் கிடந்த ஊர் முழுக்கச் சேர்ந்து கண்டதா? சங்கப் பாடல்களில் மகள் மெலிவதைப் பார்த்துத் தாய் வேலனைக் கூப்பிட்டு வெறியாட்டு நடத்துவாள். வேலன் வந்து ‘முருகு’ என்பான். காதல்தான் காரணம் என்பது தோழிக்கும் படிக்கும் நமக்கும் தெரியும். ‘பிடித்தது யார்’ என்ற கேள்விக்குக் கிடைக்கும் பதில் பெரும்பாலும் பதில் சொல்பவரைப் பற்றித்தான் இருக்கும் என்பது அன்றைக்கே நம்மவர்களுக்குத் தெரிந்திருக்கிறது. நான் ஒரு பக்கம் சாய வேண்டுமென்றால், மேலே சொன்ன காலி இடத்தின் பக்கம் சாய்வேன். அந்த வீட்டில் ஓர் ஆளின் அளவுக்கு இடம் திறந்து கிடந்தது, வழியில் போன ஒருவர் அதற்குள் விழுந்துவிட்டார்.

ஆள் மாறினது எங்க தெரியுது? ஒரு காட்சி சொல்லுங்க.

கொடியில் காயும் லுங்கி. வீட்டுக்குள் வந்தவர் வேட்டியைக் களைந்துவிட்டு அந்த லுங்கியை எடுத்துக் கட்டிக்கொள்கிறார். புது இடத்தில் நாம் எதையாவது எடுத்தால் கை ஒரு கணம் தயங்கும், கண் முன்னால் போய்த் துழாவும். இவருடைய கைக்கு அந்தத் தயக்கம் இல்லை. தினமும் எடுத்த பொருளை எடுக்கும் கை அது. நான் மூன்றாவது தடவை பார்த்தபோதுதான் இது உறைத்தது. அன்றைக்கு உடம்பு சிலிர்த்துவிட்டது.

அதே போலத் தேநீர். ஜேம்ஸுக்குச் சர்க்கரை தூக்கலாக இருந்தால் ஆகாது, சுந்தரத்துக்குச் சர்க்கரை தூக்கலாகத்தான் வேண்டும். நாக்கே மாறிவிட்டது. மொழியும் நாக்கில்தான் இருக்கிறது, ருசியும் நாக்கில்தான் இருக்கிறது.

எல்லாரும் தயங்குறப்ப அம்மா மட்டும் எப்படி உடனே ஏத்துக்கிறாங்க?

சுந்தரத்தின் அம்மாவுக்குக் கண் தெரியாது. தொலைக்காட்சிக்கு முன்னால் உட்கார்ந்து ஒலியை மட்டும் கேட்டுக்கொண்டிருப்பவர். வந்தவருடைய முகம் அவருக்குக் கணக்கில்லை. பேச்சு வந்தது, அருகில் ஓர் ஆள் வந்தது, மகன் வந்துவிட்டான். கண்ணுள்ளவர்களுக்கெல்லாம் முகம் குறுக்கே நிற்கிறது.

ஓர் ஆளை அந்த ஆள்தான் என்று எதை வைத்து முடிவு செய்கிறோம் என்ற கேள்வி நிஜ வாழ்க்கையிலும் நீதிமன்றம் வரை போயிருக்கிறது. வங்காளத்தில் பாவல் ஜமீன் குமாரர் 1909இல் டார்ஜிலிங்கில் இறந்ததாகச் சொல்லப்பட்டது. பத்தாண்டுக்கு மேல் கழித்து ஒரு சந்நியாசி வந்தார், அவர்தான் குமாரர் என்ற பேச்சு எழுந்தது. சகோதரி ஏற்றுக்கொண்டார், மனைவி கடைசி வரை ஏற்கவில்லை. வழக்கு லண்டன் பிரிவி கவுன்சில் வரை போய் 1946இல்தான் முடிந்தது, சந்நியாசிக்குச் சாதகமாக. அங்கே அங்க அடையாளங்களை ஒவ்வொன்றாக எண்ணிப் பார்த்தார்கள். இந்தத் தாய்க்கு ஒரு குரல் போதுமாக இருந்தது.

பூங்குழலி ஏன் ஒண்ணும் பேச மாட்டேங்கிறா? அவளுக்கு இவர் வேணுமா, வேண்டாமா?

ரம்யா பாண்டியன் இந்தப் பாத்திரத்தை முகத்திலேயே வைத்துச் செய்திருக்கிறார். அவளால் ‘வா’ என்றும் சொல்ல முடியாது, ‘போ’ என்றும் சொல்ல முடியாது. வந்தவர் பேசுவது கணவனின் பேச்சு, முகம் அந்நியரின் முகம். ஊர் பார்த்துக்கொண்டிருக்கிறது. பக்கத்திலேயே அவருடைய மனைவியும் மகனும் நிற்கிறார்கள். இரண்டு வருடமாக அழுது முடித்த அழுகையை மறுபடி முதலிலிருந்து ஆரம்பிக்கச் சொன்னால் யாரால் முடியும்?

சாலியையும் பாருங்கள் என்று எல்லோரிடமும் சொல்கிறேன். பலர் பூங்குழலியோடு நின்றுவிடுகிறார்கள். சாலியின் கணவர் கண்ணெதிரே இருக்கிறார், கைக்கெட்டும் தூரத்தில் நடக்கிறார், ஆனால் அவளைத் தெரியவில்லை. ஒருத்திக்கு உடம்பு போய்க் குரல் வந்திருக்கிறது, இன்னொருத்திக்கு உடம்பு இருக்கிறது, ஆள் போய்விட்டார். ரம்யா சுவி அதை அதிகம் பேசாமலே செய்திருப்பார்.

கூடு விட்டுக் கூடு பாயறது நம்ம கதைதானே? இதுல புதுசா என்ன?

நம் கதைதான், அதனால்தான் நமக்கு இவ்வளவு சீக்கிரம் ஒட்டுகிறது. பெரியபுராணத்தில் திருமூலர் வரலாறு நினைவிருக்கிறதா? பொதிகையில் அகத்தியரைப் பார்க்கப் போன ஒரு சிவயோகி, காவிரிக் கரையில் சாத்தனூர்ப் பக்கம் மூலன் என்ற ஆயன் இறந்து கிடப்பதைப் பார்க்கிறார். பசுக்கள் உடம்பைச் சுற்றி நின்று கதறுகின்றன. அவற்றின் துயர் பொறுக்காமல் தன் உடம்பை மறைத்து வைத்துவிட்டு மூலனின் உடம்புக்குள் புகுந்து எழுகிறார். மாடுகள் மகிழ்ந்து மேய்கின்றன. மாலையில் மூலனின் மனைவி வருகிறாள். அவர், ‘உனக்கும் எனக்கும் உறவில்லை’ என்று விலகிவிடுகிறார். திரும்பிப் போய்ப் பார்த்தால் வைத்த இடத்தில் தன் உடம்பு இல்லை. மூலனாகவே இருந்து திருமந்திரம் பாடுகிறார். சித்தர் மரபுக் கதைகளில் அவருடைய பழைய பெயர் சுந்தரநாதர். படத்திலும் சுந்தரம்! இது தற்செயலாகவே இருக்கட்டும், எனக்கு மனம் அங்கே போய்த் திரும்பியது.

இப்போது வேறுபாட்டைப் பாருங்கள். திருமூலர் தெரிந்தே புகுகிறார், மனைவியை விலக்குகிறார், பசுக்களுக்காக வந்தவர். ஜேம்ஸுக்குத் தன் விருப்பம் என்று ஒன்றும் இல்லை, சுந்தரம் அந்த வீட்டை விலக்காமல் அதற்குள்ளேயே போகிறார். சிலப்பதிகாரம் வரந்தரு காதை படத்துக்கு இன்னும் பக்கத்தில் இருக்கிறது. கண்ணகியின் தோழி தேவந்தி மேல் தெய்வம் ஏறி, அங்கிருந்த மூன்று சிறுமிகள் மேல் நீர் தெளிக்கச் சொல்கிறது. தெளித்ததும் அந்தச் சிறுமிகள் கண்ணகியின் தாயாகவும் கோவலனின் தாயாகவும் மாதரியாகவும் அழ ஆரம்பிக்கிறார்கள். அவர்களுக்கு அழ ஒரு வாய் வேண்டியிருந்தது, சிறுமிகளின் வாய் கிடைத்தது. இந்தப் படத்தில் புதிதாக இருப்பது, யாரும் நீர் தெளிக்கவில்லை, தெய்வம் எதுவும் வந்து விளக்கவில்லை என்பதுதான்.

உருவகப் படம்னு சொல்றாங்க. எதுக்கு உருவகம்? தமிழன்–மலையாளி சண்டைக்கா?

அப்படிப் பார்க்கவும் இடம் இருக்கிறது. ஜேம்ஸ் படம் தொடங்கியதிலிருந்து தமிழ்ச் சாப்பாட்டையும் பாட்டையும் குறை சொல்கிறார். அவர் வெறுத்ததாகவே அவர் ஆகிவிடுகிறார். 1956 நவம்பர் 1 அன்று கேரளம் மொழிவழி மாநிலமாக ஆனது, அதற்கு முன்பும் பின்பும் மலைக்கு இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் ஆட்கள் போய்வந்துகொண்டே இருந்திருக்கிறார்கள். சேர நாட்டுப் புலவர்கள் பாடியதும் தமிழ்தான். அந்தப் பழைய உறவு ஒரு மதியத்தில் எழுந்து நடக்கிறது என்று ஒருவர் சொன்னால் நான் மறுக்க மாட்டேன்.

ஆனால் உருவகத்தைப் பூட்டும் சாவியுமாக எடுத்துக்கொள்ள வேண்டாம். ‘ஜேம்ஸ் என்றால் இது, லுங்கி என்றால் அது’ என்று அட்டவணை போட்டால் பூங்குழலியின் துக்கம் அட்டவணைக்கு வெளியே நின்றுவிடும். அவள் ஒரு கருத்துக்குப் பதிலாக நிற்பவள் இல்லை.

கடைசியில நாடக வண்டியைக் காட்டுறாங்களே. அப்ப நடந்ததெல்லாம் நாடகமா?

கேமரா மேடை மாதிரி நிற்கிறது என்று முன்பே சொன்னேன். அங்கே போட்ட விதை இங்கே முளைக்கிறது. இவர்கள் நடிப்பதைப் பிழைப்பாகக் கொண்டவர்கள். தினம் இன்னோர் ஆளாக மேடையேறி, நாடகம் முடிந்ததும் சாயத்தைக் கழுவிவிட்டு வீடு போகிறவர்கள். அவர்களில் ஒருவருக்கு ஒரு நாள் சாயம் போகவில்லை என்று வைத்துக்கொள்ளலாம்.

‘எல்லாம் நடிப்பு’ என்று முடித்துவிடுபவர்களிடம் ஒன்று கேட்கிறேன். தன்னைச் சுந்தரம் என்று ஊர் ஏற்காதபோது, இது என் ஊர், என் மண், என்னை ஏன் தெரியவில்லை என்று அவர் உடைந்துபோகும் இடம் இருக்கிறதே, அதை யாருக்காக நடித்தார்? கூட வந்த நாடகக்காரர்களும் அழுதுகொண்டுதானே நிற்கிறார்கள்? நடிப்பும் ஆட்கொள்ளுதலும் ஒன்றுக்கொன்று பக்கத்து வீடு. தெருக்கூத்தில் வேடம் கட்டிய ஆள் மேல் அருள் வந்துவிட்டால் கூட்டம் அவரைப் பார்த்துக் கையெடுத்துக் கும்பிடும், அந்த நேரத்தில் அவர் நடிகரா சாமியா என்று யாரும் கேட்பதில்லை.

ஒரு முடிவும் சொல்லாம விட்டா அது பார்க்கறவங்களை ஏமாத்தறது இல்லையா?

சில படங்களில் அப்படித்தான். சொல்ல ஒன்றுமில்லாமல் புகைமூட்டம் போட்டுவிட்டு அதைப் புதிர் என்பார்கள், எனக்கும் கோபம் வரும். இந்தப் படம் மறைத்தது ஒன்றே ஒன்று: ஏன் நடந்தது என்பது. என்ன நடந்தது, யாருக்கு எங்கே வலித்தது என்பதில் ஒரு மறைப்பும் இல்லை. காணாமல் போன ஒருவர் வீட்டில் காரணம் கடைசி வரை கிடைக்காது, வலி மட்டும் துல்லியமாக இருக்கும். படம் அந்த வீட்டுக்கு உண்மையாக இருக்கிறது.

இன்னொரு தடவை பார்க்கணும்னா எதைக் கவனிக்கலாம்?

முதல் தடவை எல்லோரும் மம்மூட்டியைப் பார்ப்போம். இரண்டாவது தடவை அவரை விட்டுவிட்டுச் சுற்றி நிற்பவர்களைப் பாருங்கள். திண்ணையில் உட்கார்ந்திருப்பவர்கள், வாசலில் எட்டிப் பார்ப்பவர்கள், இரவு முழுக்க ஊர்க்காரர் வீடுகளின் பக்கம் ஒதுங்கிக் காத்திருக்கும் அந்த வண்டிக் கூட்டம். பூ ராமு நடித்த கடைசிப் படங்களில் இதுவும் ஒன்று. படம் வெளிவருவதற்கு முன்பே, 2022 ஜூனில், அவர் காலமாகிவிட்டார். அவர் வரும் காட்சிகளில் அவரையே பார்த்துக்கொண்டிருங்கள்.

மூன்றாவது தடவை கண்ணை மூடிக்கொண்டு பத்து நிமிடம் கேளுங்கள். அந்த அம்மா கேட்கும் படம் அது.

வண்டி ஏறின ஜேம்ஸுக்கு நடந்தது ஞாபகம் இருக்குமா?

படம் முடிந்ததும் எங்கள் வட்டத்துப் பெண்மணி ஒருவர் கேட்டது இது, நெடுநேரம் பதில் சொல்ல முடியவில்லை. அவர் நடக்கும் நடையைப் பார்த்தால் ஒன்றும் ஞாபகம் இல்லை என்றுதான் தெரிகிறது. எழுந்தார், கிளம்பினார். பின்னால் சாலியும் மகனும் மற்றவர்களும் பேசாமல் வருகிறார்கள். அவர்களுக்கு எல்லாம் ஞாபகம் இருக்கிறது. அவர் முகத்தைப் பார்க்கும்போதெல்லாம் அது வரும். வழியில் அடுத்த டீக்கடையில் வண்டி நின்றால், அவர் சர்க்கரை எவ்வளவு கேட்கிறார் என்று சாலி மூச்சைப் பிடித்துக்கொண்டு காத்திருப்பாள்.